முதுகுக்குப் பின்னால் ஓர் இறுதி ஆட்டம்

ஸ்கெல்தார்ப் டவுன் கிளப்பில் ஆடுகிறவர்கள் எல்லாக் காரியத்தையும் மே முதல் வாரத்துக்குத்தான் வைத்துக்கொள்வோம். ஸ்பெயினுக்குப் போவது, முழங்காலை அறுத்துக்கொள்வது, வீட்டுக் கூரை பிரிப்பது, கல்யாணம் எல்லாம் அப்போதுதான். ஏப்ரல் கடைசியோடு எங்கள் ஆட்டங்கள் முடிந்துவிடும். மேல் பிரிவுக்குப் போக யாருக்கு யோக்கியதை என்று முடிவு செய்கிற பிளே-ஆஃப் ஆட்டங்கள் மே முதல் வாரத்தில் நடக்கும். அது மற்ற கிளப்புகளின் கவலை. எங்கள் கிளப்பின் நூறு வருஷ சரித்திரத்தில் அந்தக் கவலை எங்களுக்கு வந்ததில்லை.

அதனால் ஜனவரி மாதம் எங்கள் மேலாளர் நெவில் ஓல்டிராய்டிடம் அவர் மகள் ஜெம்மா, "அப்பா, மே முதல் சனிக்கிழமை உனக்கு ஆட்டம் இருக்கா?" என்று கேட்டபோது அவர் சிரித்ததில் தப்பில்லை. அன்றைக்கு நாங்கள் கீழிருந்து ஆறாவது இடம்.

"பிளே-ஆஃப் வந்துட்டா?"

"நாங்க பிளே-ஆஃப் ஆடுற அன்னிக்கு நம்ம ஆத்துல தண்ணிக்குப் பதிலா பீர் ஓடும். தைரியமா தேதி வை."

"அன்னிக்கு முழு நாளும் நீ எனக்கு."

"முழு நாளும் உனக்கு. போதுமா?"

அவள் போதாது என்று கையில் அடித்து சத்தியம் வாங்கிக்கொண்டாள். காரணம் இருக்கிறது. பந்தாட்டக்காரன் மகளுக்கு வாரத்தில் ஆறு நாள்தான். நெவ்வின் அப்பா நிலக்கரிக் குழியில் இறங்கியவர். நெவ் பதினாறு வயதில் குழிக்குப் போகாமல் பந்துக்குப் போனார், ஆனால் நடுக்களத்தில் அவர் பார்த்த வேலை குழி வேலையைவிட ரொம்ப உசத்தி என்று சொல்ல மாட்டேன். கோல் அடிக்கிறவனுக்குப் பாட்டுக் கட்டுவார்கள். கோல் காக்கிறவனுக்குக் கையுறையாவது உண்டு. நடுவில் ஓடுகிறவன் முன்னே இருப்பவனுக்குப் பந்தைக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு, பின்னே இருப்பவன் செய்த தப்பைச் சரிசெய்ய ஓடி வர வேண்டும். சித்தாள் வேலை. மூன்றாம் பிரிவிலும் நான்காம் பிரிவிலும் ஐந்து கிளப்புகளுக்கு அந்தச் சித்தாள் வேலையைப் பார்த்தார். ஒரே ஒரு வருஷம் இரண்டாம் பிரிவு. அப்புறம் முழங்கால் போயிற்று. தபால் வண்டி ஓட்டிக்கொண்டே எங்களுக்கு மேலாளராக வந்தார். எங்கள் லீக்கில் யாரும் பந்தை நம்பி வீட்டுக்கு அரிசி பருப்பு வாங்குவதில்லை. நான் வாரம் முழுக்க சாரம் கட்டுகிறவன், சனிக்கிழமை தடுப்பாட்டக்காரன், அணித் தலைவன். பெயர் கிளெக். மேலாளரை நாங்கள் மேஸ்திரி என்றுதான் கூப்பிடுவோம்.

இத்தனையிலும் ஜெம்மாவின் பிறந்தநாள், பள்ளி நாடகம், ஞானஸ்நான விருந்து எல்லாம் அப்பா இல்லாமல் நடந்தவை. ஒன்றிரண்டுக்கு வந்தாலும் காதில் ரேடியோவோடு வந்தவர்.

பிப்ரவரியில் ஜெயிக்க ஆரம்பித்தோம். ஏன் என்று கேட்டால் எனக்குத் தெரியாது. ரொட்டிக் கடையில் வேலை பார்க்கும் கேலம் என்கிற நடுக்களக்காரனுக்குத் திடீரென்று கால் வந்தது. எதிரணிகளுக்குக் காய்ச்சல் வந்தது. மார்ச்சிலும் ஜெயித்தோம். ஒவ்வொரு வெற்றிக்கும் மேஸ்திரி முகம் கறுத்துக்கொண்டே போயிற்று. ஏப்ரல் கடைசியில் அரையிறுதியில் ஜெயித்தோம். அந்த ஆட்டத்தில்தான் என் கணுக்கால் முறிந்தது. தூக்குப் படுக்கையில் என்னைக் கொண்டுபோகும்போது மேஸ்திரி குனிந்து காதில் சொன்னார்: "கிளெக்கி, நான் செத்தேன்டா."

இறுதி ஆட்டம் எங்கள் மைதானத்தில். மே முதல் சனிக்கிழமை, மூன்று மணி. ஜெம்மாவின் கல்யாண விருந்து எங்கள் கிளப் கூடத்தில். அதே சனிக்கிழமை, இரண்டு மணியிலிருந்து.

கூடத்தைப் பார்த்துக்கொள்வது மாரீன். பீர் ஊற்றுவதும் அவள்தான், தரை துடைப்பதும் அவள்தான், யாரை உள்ளே விடுவது என்று தீர்மானிப்பதும் அவள்தான். கிளப் தலைவர் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு அவளிடம் போனார்.

"மாரீன், கண்ணு, எதிரணி கிளப்காரங்களுக்கு இடைவேளையில டீ குடுக்கணும். லீக்லேர்ந்து பெரிய மனுஷங்க வருவாங்க. அந்தக் கல்யாணத்த ஒரு ஞாயித்துக்கிழமைக்கு…"

"ஞாயித்துக்கிழமை பிங்கோ ஆட்டம்."

"சரி, திங்கக்கிழமை?"

"ஏன், உன் ஆட்டத்த திங்கக்கிழமை வையேன். அந்தப் பொண்ணு ஜனவரிலயே சொல்லி வச்சுது. நீ எப்ப சொன்ன?"

"எங்களுக்கே போன வாரம்தானேம்மா தெரியும்!"

"அதுக்கு நான் என்ன பண்ண? உங்க மேல உங்களுக்கே நம்பிக்கை இல்ல, என் மேல வந்து விழுறீங்க. உங்க பெரிய மனுஷங்களுக்குப் புல்வெட்டி வண்டி நிக்கிற கொட்டகையில டீ குடுங்க. நான் பெருக்கித் தரேன்."

அப்படித்தான் ஆயிற்று.

ஜெம்மா பயிற்சி நடக்கும்போதே மைதானத்துக்கு வந்தாள். நேராக நடுக்கோட்டுக்கு நடந்து வந்து இடுப்பில் கைவைத்து நின்றாள்.

"அப்பா, ஜெயிச்சிட்டீங்களாமே?"

அந்தக் குரலில் யாராவது கேட்டால், திருடினாயா என்றுதான் அர்த்தம்.

"ஜெயிச்சது தப்பாம்மா?"

"இருபத்தாறு வருஷமா தோத்துட்டு, என் கல்யாணத்துக்குன்னு பாத்து ஜெயிக்கிறீங்க. கொஞ்சம் மோசமா ஆடியிருக்கக் கூடாது? எப்பவும் ஆடுறதுதானே?"

கேலம் தலைகுனிந்து பூட்ஸ் கயிற்றைக் கட்டினான். கட்டியிருந்ததையே மறுபடி கட்டினான்.

"நான் பில்கிட்ட சொல்லிட்டேன்," என்றார் மேஸ்திரி. பில் அவருடைய உதவியாளர், முடி வெட்டுகிறவர். "அன்னிக்கு அவன்தான் மைதானக் கோட்டோரம் நிப்பான். நான் உன்கூட. சத்தியம்னா சத்தியம்."

"உடம்பு என்கூட. காது?"

"காதும் உன்கூடத்தான்."

"பாப்போம். மேசைல உனக்கு ஜன்னலுக்கு முதுகு காட்டி நாற்காலி போட்டிருக்கேன். உன் போன் என் தோழிகிட்ட இருக்கும்." பிறகு என் கட்டுப்போட்ட காலைப் பார்த்தாள். "கிளெக்கி, நீயும் கல்யாணத்துக்கு வர்ற. உனக்கு ஜன்னல் தெரியும். கையத் தூக்கிச் சைகை காட்டுன, உன் ஊன்றுகோலால உன்னையே அடிப்பேன்."

சனிக்கிழமை நல்ல வெயில். பன்னிரண்டு மணிக்குத் தேவாலயத்தில் கல்யாணம் முடிந்தது. மேஸ்திரி மகளைக் கைபிடித்து நடத்திப்போன நடை, மைதானத்துக்குள் இறங்குகிற நடை. முழங்கால் மட்டும் இழுத்தது. கிளப்புக்கு வந்தபோது வெளியே கூட்டம் வரிசையில் நின்றது. வெள்ளைக் கவுனோடு ஜெம்மா அந்த வரிசையைத் தாண்டி நடந்தாள். எங்கள் ஆட்கள் கைதட்டினார்கள், எதிரணி ஆட்கள் விசிலடித்தார்கள். நுழைவுச் சீட்டு கிழிக்கிறவன் பழக்க தோஷத்தில் மாப்பிள்ளையிடம் டிக்கெட் கேட்டான்.

இன்னொன்றைச் சொல்லவில்லை. எதிரணி மார்ஷ்லி. மலையைத் தாண்டினால் மார்ஷ்லி. மாப்பிள்ளை கீரன் மார்ஷ்லிக்காரன். அவனுக்குப் பந்தாட்டத்தில் ஈடுபாடு இல்லை, கடவுளின் கருணை. ஆனால் அவன் அப்பா கிளைவ், பஸ் ஓட்டுகிறவர், நாற்பது வருஷமாக மார்ஷ்லியின் ஒரு ஆட்டம் விட்டதில்லை. கல்யாணக் கோட்டுக்குக் கீழே மார்ஷ்லியின் நீலக் காலுறை. ஜெம்மா ஒரு கணக்கில் தப்பு செய்தாள்: அப்பாவுக்கு ஜன்னலை மறைத்தவள், எதிரே சம்பந்திக்கு ஜன்னலைத் திறந்து விட்டிருந்தாள். கிளைவின் முகம் மேஸ்திரிக்கு நேரே இருந்தது. அது முகமா, ஸ்கோர் போர்டு.

மூன்று மணிக்கு விசில் கேட்டது. மாரீன் மாட்டிறைச்சியும் குழம்பும் பரிமாறினாள். மேஸ்திரி தட்டைப் பார்த்தே சாப்பிட்டார். ஒவ்வொரு தடவை வெளியே சத்தம் எழும்போதும் அவர் முள்கரண்டி நின்றது, பிறகு நகர்ந்தது. ஜெம்மா அவரைப் பார்க்காத மாதிரி பார்த்துக்கொண்டிருந்தாள். மேஸ்திரியின் மனைவி லின் மட்டும் நிம்மதியாகச் சாப்பிட்டாள். அவள் அந்த முகத்தை முப்பது வருஷமாகப் பார்த்தவள்.

அரைமணி நேரம் போயிருக்கும். கிளைவ் திடீரென்று உருளைக்கிழங்கை வாயில் வைத்தபடி பாதி எழுந்தார். எழுந்தவர் சபையை உணர்ந்து உட்கார்ந்தார். ஆனால் அந்த முகத்தில் ரோஜா பூத்திருந்தது.

"சம்பந்தி," என்றார் மேஸ்திரி, தட்டைப் பார்த்துக்கொண்டே, "குழம்பு நல்லா இருக்கோ?"

"பிரமாதம், சம்பந்தி. இப்பத்தான் ருசியே தெரியுது."

"ஒண்ணா?"

"அப்பா!" என்றாள் ஜெம்மா.

"குழம்பு ஒரு கரண்டியான்னு கேட்டேம்மா."

"ஒண்ணுதான்," என்றார் கிளைவ். "இன்னொண்ணும் வரும்போல இருக்கு."

நான் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். பில் கோட்டோரம் கை ஆட்டிக்கொண்டிருந்தார், முடிவெட்டும்போது ஈ ஓட்டுகிற மாதிரி. நம்மவர்கள் மோசமாக ஆடினார்கள் என்று சொல்ல முடியாது. பயத்தில் ஆடினார்கள். அது மோசத்தைவிட மோசம்.

இடைவேளை விசில் கேட்டதும் மேஸ்திரி எழுந்தார்.

"எங்க?" என்றாள் ஜெம்மா.

"ஒண்ணுக்கு. அதுக்குமா அனுமதி?"

"கீரன், கூடப் போ."

"நானா? கழிப்பறைக்கா?"

"புருஷனாகி நாலு மணி நேரம் ஆகல, அதுக்குள்ள கேள்வி."

மாப்பிள்ளை கிளம்பினான். நானும் ஊன்றுகோலோடு பின்னால் போனேன். எங்கள் கிளப்பை அறிந்தவர்களுக்குத் தெரியும்: கழிப்பறைக்கும் வீரர்கள் உடைமாற்றும் அறைக்கும் நடுவில் இருப்பது சுவர் என்று சொல்லலாம், பலகைக்குச் சுண்ணாம்பு பூசியது. குழாய் போகிற இடத்தில் முஷ்டி நுழைகிற ஓட்டை.

அந்தப் பக்கம் பில்லின் குரல் கேட்டது. "பசங்களா, நிம்மதியா ஆடுங்க. தோத்தா ஒண்ணும் குடி முழுகிடாது. இவ்வளவு தூரம் வந்ததே…"

மேஸ்திரி சுவரைப் பார்த்து நின்றார். கழுத்து நரம்பு புடைத்தது. ஒரு நிமிஷம் அடக்கினார். நான் பார்த்தேன், உண்மையாகவே அடக்கினார். பிறகு குனிந்து ஓட்டையில் வாயை வைத்தார்.

"குடி முழுகும்டா! கேலம்! நீ ஏன்டா வலது பக்கம் நின்னு செத்துக்கிட்டு இருக்க? எடது பக்கம் போ! அவங்க தடுப்புக்காரன் அந்தப் பக்கம் திரும்பவே மாட்டான், இடுப்புல துரு ஏறிக் கிடக்கு!"

அந்தப் பக்கத்திலிருந்து கேலம் மெதுவாகக் கேட்டான்:

"மேஸ்திரி? எங்க இருக்கீங்க?"

"கக்கூஸ்ல!"

"ஆட்டம் பாத்தீங்களா?"

"பாக்கல. ஆனா கூட்டம் எந்த மூலையில முனகுதுன்னு எனக்குக் காது கேக்குமில்ல? நம்ம ஆளுங்க எல்லாம் இப்ப நீங்க அடிக்கப் போற கோல் பின்னால போய் நிப்பாங்க. அவங்க மூஞ்சியப் பாத்து ஆடு. பில், நீ வாய மூடு, ஆரஞ்சு நறுக்கிக் குடு."

பன்னிரண்டு தொண்டைகள் சிரித்த சத்தத்தில் சுண்ணாம்பு உதிர்ந்தது.

மேஸ்திரி நிமிர்ந்து கழுத்துப்பட்டையைச் சரிசெய்தார். வாசலில் கீரன் நின்றான், வாயைத் திறந்தபடி.

"மாப்ள, நீ எதையும் கேக்கல."

"கேக்கல, மாமா. ஆனா ஜெம்மா கேட்டா?"

"அதான் எனக்கும் பயம்," என்றார்.

இரண்டாம் பாதி முடியப் பத்து நிமிஷம் இருக்கும்போது கேலம் இடது பக்கத்தில் மார்ஷ்லிக்காரனைத் தூண்மாதிரி நிறுத்திவிட்டுப் போனான். பந்து உள்ளே. கூடத்து ஜன்னல்கள் அதிர்ந்தன. கிளைவ் முகத்தில் ரோஜா வாடி உதிர்ந்தது. எங்கள் பக்கத்து விருந்தாளிகள் ஒருவரும் கைதட்டவில்லை, ஆனால் எல்லோருக்கும் ஒரே நேரத்தில் இருமல் வந்தது.

ஜெம்மா கேக் கத்தியைக் கீழே வைத்தாள்.

"கேலம எடது பக்கம் மாத்துனது யாரு?"

விருந்தாளிகள் ஒவ்வொருவராகத் தட்டுக்குள் குனிந்தார்கள்.

"பில்லுக்கு அந்த யோசனை பத்து வருஷம் தவம் கெடந்தாலும் வராது. அப்பா?"

மேஸ்திரி நிமிர்ந்து மகளைப் பார்த்தார். அப்புறம் அவர் முகத்தில் மெல்ல ஒரு வெளிச்சம் வந்தது.

"அவன் எடது பக்கம் இருக்கான்னு உனக்கு எப்படிம்மா தெரியும்? நீயும் ஜன்னலுக்கு முதுகு காட்டித்தானே உக்காந்திருக்க?"

ஜெம்மாவின் காது சிவந்தது. கேக் வெட்டும் வெள்ளிக் கத்தி அவள் கையருகே ஜன்னல் பக்கமாகச் சாய்ந்து கண்ணாடி மாதிரி பளபளத்தது. அரை மணி நேரமாக அவள் அதைத் துடைத்துத் துடைத்து வைத்துக்கொண்டிருந்தது அப்போதுதான் எனக்கு உறைத்தது. லின் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

ஜெம்மா சிரிக்கவில்லை. குரலைத் தாழ்த்தினாள். நான் அடுத்த மேசையில் இருந்தேன், அதனால் கேட்டது.

"போகணும்னா போப்பா. இப்பவே போ. நிஜமாத்தான் சொல்றேன். உன் வாழ்க்கையில இப்படி ஒரு நாள் வந்ததில்ல, இனிமேலும் வராது. நான் கோவிச்சுக்க மாட்டேன்."

அது சோதனை இல்லை. அவள் கண்ணைப் பார்த்தேன். மனதாரத்தான் சொன்னாள். மேஸ்திரி கதவைப் பார்த்தார். கதவுக்கு அப்பால் பத்தடியில் கோட்டோரம். ஐந்தாறு நிமிஷ ஆட்டம் பாக்கி, ஒன்றுக்கு ஒன்று என்று சமம். அந்த ஆளின் உடம்பில் ஒவ்வொரு தசையும் எழுந்துவிட்டது. முழங்கால்கூட எழுந்துவிட்டது. அவர் மட்டும் எழவில்லை.

அப்புறம் எழுந்தார். எழுந்து, கரண்டியால் கோப்பையைத் தட்டினார்.

"பெண்ணப் பெத்தவன் பேசணும்னு வழக்கம்," என்றார். "பேசிடறேன்."

சட்டைப் பையிலிருந்து எழுதி வைத்ததை எடுத்தார், பார்த்தார், மடித்து உள்ளே வைத்துக்கொண்டார்.

"இவ பொறந்த அன்னிக்கு சனிக்கிழமை. நான் இருநூறு மைல் தள்ளி ஒரு கடற்கரை ஊர்ல ஆடிக்கிட்டிருந்தேன். இடைவேளையில வந்து சொன்னாங்க, பொண்ணுன்னு. இடைவேளைக்கு அப்புறம் பக்கம் மாறி ஆடணும். எனக்கு அதெல்லாம் மறந்து போச்சு. அன்னிக்கு நான் ஒரு கோல் போட்டேன். அருமையான கோல். எங்க கோல்லயே."

கூடம் சிரித்தது. கிளைவ்கூடச் சிரித்தார். அப்போது வெளியே விசில் கேட்டது. நீளமான, கூரான விசில். தொடர்ந்து ஆயிரம் பேர் ஒரே மூச்சில் கத்தினார்கள்.

நான் பார்த்தேன். கேலம் கோல் முன்னாலிருக்கும் பெட்டிக் கோட்டுக்குள் கிடந்தான். நடுவர் கையை நீட்டிப் புள்ளியைக் காட்டினார். பெனால்டி, எங்களுக்கு. ஆட்டம் முடிய இரண்டு மூன்று நிமிஷம்.

முதலில் கிளைவ் எழுந்து ஜன்னலுக்குப் போனார். பின்னால் மார்ஷ்லி உறவு முழுக்கப் போயிற்று. அப்புறம் நம் பக்கம். மாரீன் பீர் குழாயைத் திறந்தபடியே விட்டுவிட்டுப் போனாள். லின் போனாள். மாப்பிள்ளை, பந்தென்றால் என்னவென்று தெரியாத மாப்பிள்ளை, நாற்காலி மேல் ஏறி நின்றான். என்னால் எழுந்து ஓட முடியாது, அதனால் இரண்டையும் பார்த்த ஒரே ஆள் நான்தான்: அந்தப் பக்கம் முதுகுகள், இந்தப் பக்கம் காலியான மேசைகளுக்கு நடுவே ஒரு அப்பாவும் ஒரு மகளும்.

மேஸ்திரி நிறுத்தவில்லை. யாரும் கேட்காத பேச்சைப் பேசிக்கொண்டே இருந்தார்.

"…ஆட்டம் முடிஞ்சு எல்லாரும் என்னைத் திட்டுனாங்க. எனக்கு ஒண்ணும் காதுல விழல. ராத்திரி பஸ்ல வரும்போது நான் மட்டும் சிரிச்சுக்கிட்டே வந்தேன். உன்கிட்ட இத நான் சொன்னதில்ல, ஜெம். நான் வராத எல்லா நாளும் எனக்கு ஞாபகம் இருக்கு. வந்த நாள்தான் கம்மி. இன்னிக்கு வந்துட்டேன்."

வெளியே எல்லாச் சத்தமும் அடங்கியது. பெனால்டி அடிக்கும் முன்னால் வருகிற அமைதி. மேஸ்திரிக்கு அந்த அமைதி என்னவென்று தெரியும். நாற்பது வருஷமாகத் தெரியும். அவர் நெற்றியில் வியர்வை துளிர்த்தது. ஆனால் தலை திரும்பவில்லை. ஜெம்மாவின் தலையும் திரும்பவில்லை. வெள்ளிக் கத்தி மேசையில் கவிழ்ந்து கிடந்தது.

"கீரன் நல்ல பையன்," என்றார். "மார்ஷ்லிக்காரன்னாலும்…"

கூரை பிய்த்துக்கொண்டு போகிற மாதிரி ஒரு சத்தம். ஜன்னலருகே பாதிப் பேர் குதித்தார்கள், பாதிப் பேர் தலையில் கைவைத்தார்கள். யாரோ கோப்பையை உடைத்தார்கள்.

மேஸ்திரி கோப்பையைத் தூக்கினார்.

"பொண்ணு மாப்பிள்ளைக்கு," என்றார்.

"எனக்கு," என்று ஜெம்மா தன் கோப்பையால் அதை இடித்தாள். ஒரே மடக்கில் குடித்துவிட்டு, கண்ணையும் மூக்கையும் கவுன் கையாலேயே துடைத்தாள். பிறகு மெதுவாகக் கேட்டாள்: "அப்பா, உள்ள போச்சா?"

"எனக்கென்னம்மா தெரியும்? நான் உன்னத்தானே பாத்துக்கிட்டிருந்தேன். நீ பாக்கலையா?"

"நான் உன்ன பாத்துக்கிட்டிருந்தேன்!"

இருவரும் ஒருவரையொருவர் முறைத்தார்கள். பிறகு ஒரே நேரத்தில் திரும்பி, "கிளெக்கி!" என்று கத்தினார்கள். நான் ஊன்றுகோலைத் தூக்கிக் காட்டி, "சைகை காட்டக் கூடாதுன்னு உத்தரவு," என்றேன். ஜெம்மா ஒரு ரொட்டியை எடுத்து என் தலையில் அடித்தாள்.

சொன்னது கிளைவ்தான். ஜன்னலிலிருந்து தள்ளாடி வந்து நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார். வெளியே கடைசி விசில் ஊதியது. எங்கள் ஊரே மைதானத்துக்குள் இறங்கி ஓடிக்கொண்டிருந்தது.

"வாழ்த்துகள், சம்பந்தி," என்றார், பல் பிடுங்கியவர் மாதிரி. "கீப்பர் ஒரு பக்கம் விழுந்தான். பந்து இன்னொரு பக்கம் போச்சு. போதுமா?"

"தரையோடவா, உசரவா?" என்றார் மேஸ்திரி.

"தரையோட."

"யாரு அடிச்சது?"

"அந்த ரொட்டிக்காரன்தான்."

"விழுந்தவனே எழுந்து அடிச்சானா? அடிக்கக் கூடாதுன்னு எத்தன தடவ சொல்லியிருக்கேன்!"

"மாமா," என்று ஜெம்மா நாற்காலியை கிளைவ் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டாள். "இப்படி வாலு தலை இல்லாம சொல்லாதீங்க. முதல்லேர்ந்து சொல்லுங்க. பெனால்டி எப்படிக் கிடைச்சுது?"

"அதச் சொல்லு! அது பெனால்டியே இல்லம்மா!" கிளைவ் உயிர் பெற்று எழுந்தார். உப்புக் குப்பியை எடுத்து நடுவில் வைத்தார். மிளகுக் குப்பியைப் பக்கத்தில் வைத்தார். "இது உங்க ஆளு. இது எங்க ஆளு. தொட்டானா? தொடவே இல்ல!"

"அவன் அங்க நின்னிருக்க மாட்டான்," என்று மேஸ்திரி மிளகை நகர்த்தினார்.

"பாத்தது நானா நீங்களா?"

கதவு திறந்தது. கிளப் தலைவர் தொப்பி போன இடம் தெரியாமல் வந்து நின்றார். "நெவ்! கோப்பை குடுக்கப் போறாங்கய்யா! பசங்க நீ வந்தாத்தான் வாங்குவோம்னு நிக்கிறானுங்க! வாய்யா!"

"வரேன், வரேன்," என்றார் மேஸ்திரி திரும்பாமலே. ஒரு கை ஜெம்மாவின் தோளைச் சுற்றி இருந்தது, மறுகை உப்பு மேல் இருந்தது. "ரெண்டு நிமிஷம் நிக்கச் சொல்லு. சம்பந்தி, நீங்க மேல சொல்லுங்க. தொடல. சரி. அப்புறம்?"